வீட்டுக்குள்ளேயே வரன்

ஆப்பிள் பிஞ்சு பெருவிரல் நுனி அளவுக்கு வந்துவிட்டால் எங்கள் கடற்கரைக்கு ஆள் வந்துவிடும். ஜூன் மாதம் பாதி கடந்திருக்கும். நாங்கள் ஐந்தாறு பெண்கள் படுக்கையைச் சுருட்டிக் கட்டி, உலர்ந்த கடற்பாசி ஒரு மூட்டை எடுத்துக்கொண்டு, ரயிலேறி இவாகி மலையடிவாரத்துத் தோட்டங்களுக்குப் போவோம். அங்கே ஒவ்வொரு பிஞ்சுக்கும் ஒரு காகிதப் பை கட்ட வேண்டும். இல்லாவிட்டால் பூச்சி உள்ளே போய்க் குடித்தனம் வைத்துவிடும். ஏணி மேல் நின்று, கட்டுகிற நாரை வாயில் கவ்விக்கொண்டு, பையை ஊதி விரித்து, பிஞ்சை உள்ளே விட்டு, கழுத்தைச் சுருக்கி முடிச்சுப் போடுகிற வேலை. கை பழகியவள் ஒரு நாளில் மூவாயிரம் கட்டுவாள். நான் கட்டுவேன். என்னோடு வருகிற மொயோவும் கட்டுவாள். வாயில் நார் இருக்கும்போதே பேசவும் செய்வாள்.

ஒன்பது வருஷமாக நான் சோமா வீட்டுத் தோட்டத்துக்குத்தான் போய்க்கொண்டிருந்தேன். போர் முடிந்த நாலாவது வருஷம் அங்கே நடந்ததைச் சொல்கிறேன்.

வீட்டுப் பெரியவர் யசாகு. அறுபது தாண்டியவர். மனைவி போர்க் காலத்திலேயே போய்விட்டாள். மூத்த மகன் தமோத்சு தெற்கே ஏதோ ஒரு தீவில் செத்துப்போனான். வெள்ளைத் துணி சுற்றிய பெட்டி ஒன்று வந்தது. திறந்து பார்த்தால் அவன் பெயர் எழுதிய சீட்டு மட்டும் இருந்தது. அவன் மனைவி கினுவுக்கு இருபத்தொன்பது வயது. ஆறு வயதில் நத்சு என்று ஒரு பெண். இளைய மகன் தெய்ஜி சைபீரியாவில் கைதியாக மூன்று குளிர்காலம் மரம் வெட்டிவிட்டு, போன இலையுதிர் காலத்தில்தான் திரும்பியிருந்தான். அவனுக்கு இருபத்து நாலு.

அந்தக் குளிர்காலத்தில் யசாகுவுக்கு ஒரு பக்கம் இழுத்து, வலது கை விழுந்துவிட்டது. பிழைத்தார். ஆனால் கை நடுங்கியது. தேநீர்க் கிண்ணத்தைத் தூக்கினால் பாதி மடியில்தான். மருந்தடிக்க முடியாது, கிளை கழிக்க முடியாது, முடிச்சுப் போட முடியாது. அவ்வளவு மரத்தையும் வைத்துக்கொண்டு அவர் ஏணிக்குக் கீழே நின்று எங்களை அதட்டிக்கொண்டிருந்தார்.

போய் இறங்கிய அன்றைக்கே மொயோ செய்தி பிடித்துக்கொண்டு வந்தாள்.

“இசோக்கா, பை கட்டி முடிச்சதும் இங்க கல்யாணமாம்.”

“யாருக்கு?”

“அண்ணிக்கும் கொழுந்தனுக்கும். மாப்பிள்ளை பார்க்க ரயில் ஏற வேணாம், பக்கத்து அறைக் கதவைத் தள்ளினாப் போதும்.”

“சும்மா இருடி. காதுல விழப்போகுது.”

“விழட்டுமே. நான் என்ன தப்பாச் சொல்லிட்டேன்? எங்க ஊர்லயே மூணு வீட்டுல இப்படித்தான் நடந்திருக்கு. செத்தவன் செருப்பை இருக்கிறவன் மாட்டிக்கிட்டான்.”

அது உண்மைதான். அந்த வருஷங்களில் ஊருக்கு ஊர் இது நடந்தது. ஆண்கள் பெட்டியாக வந்தார்கள், வயல் அப்படியே கிடந்தது.

நாலாம் நாள் மத்தியானம் தோமெ அத்தை வந்தாள். யசாகுவின் தங்கை, பக்கத்து ஊரில் வாழ்க்கைப்பட்டவள். அந்த வட்டாரத்தில் பாதிக் கல்யாணம் அவள் நாக்கு முடித்துவைத்தது. பயறு வைத்த பணியாரம் ஒரு தூக்கில் கொண்டுவந்து, மரத்தடியில் எங்களோடு சாப்பிட உட்கார்ந்துவிட்டாள். மூங்கில் குருத்து போட்ட மிசோ சாறும் உருளைக்கிழங்கு கலந்த சோறும். கினு எல்லோருக்கும் ஊற்றிக்கொண்டிருந்தாள். தெய்ஜி சற்றுத் தள்ளி, எங்களுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு சாப்பிட்டான். சைபீரியாவிலிருந்து வந்தபிறகு அவன் அப்படித்தான், கிண்ணத்தை மார்போடு அணைத்துக்கொண்டு சாப்பிடுவான்.

“கினு, கரண்டியைக் கீழ வை. நான் பேசணும்” என்றாள் அத்தை.

“ஊத்திக்கிட்டே கேக்குறேன் அத்தை. ஆறிடும்.”

“நீ இந்த வீட்டுக்கு வந்து பத்து வருஷம். உன் மேல ஒரு குத்தம் சொல்ல முடியாது. அதனாலதான் கேளு. தெய்ஜிக்கு வெளியிலேருந்து ஒருத்தியைக் கொண்டாந்தா ஒரே அடுப்புல ரெண்டு மருமக. அப்புறம் உன் கதி என்ன, இந்தக் குழந்தை கதி என்ன? நீயே அவனைக் கட்டிக்கிட்டா ஒண்ணும் மாற வேண்டியதில்லை. அதே அடுப்பு, அதே பாய்.”

மொயோ இருமினாள். பாய் என்ற சொல்லுக்குத்தான் இருமினாள் என்று எல்லோருக்கும் தெரியும்.

“நான் அவனுக்கு அஞ்சு வயசு மூத்தவ.”

“அஞ்சு வயசெல்லாம் ஒரு வயசா? எங்க ஊர்ல ஒம்போது வயசு மூத்தவளைக் கட்டிவெச்சோம். இப்ப வயித்துல ரெண்டாவது.”

“நான் வந்தப்ப அவன் பள்ளிக்கூடம் போற பையன் அத்தை. சோறு கட்டிக் குடுத்திருக்கேன். தலையில பேன் பார்த்திருக்கேன்.”

“நல்லதாப் போச்சு. பழகின கை.”

யசாகு அதுவரை வாயைத் திறக்கவில்லை. இடது கையால் வலது கையைப் பிடித்து முழங்கால் மேல் அழுத்தி வைத்திருந்தார். “ஆகஸ்ட்ல முன்னோர் திருநாள் வருது. அதுக்கு முந்தி முடிச்சிடணும். தமோத்சு வீட்டுக்கு வர்றப்ப வீடு ஒழுங்கா இருக்கணும்” என்றார். செத்தவர்கள் வீடு திரும்பும் நாட்களைத்தான் சொன்னார்.

“நான் மாட்டேன்னு சொன்னா மாமா?”

அத்தைதான் பதில் சொன்னாள். “உங்க அம்மா வீட்டுக்குப் போ. யார் கையைப் பிடிச்சு இழுக்கப் போறா? ஆனா நத்சு சோமா வீட்டுப் பிள்ளை. அவ இங்கதான் இருப்பா.”

கினு தெய்ஜியின் முதுகைப் பார்த்தாள். நானும் பார்த்தேன். சட்டை வியர்வையில் ஒட்டிக்கொண்டிருந்தது. சாப்பிடுவதை அவன் நிறுத்தியிருந்தான். திரும்பவில்லை.

“சாறு இன்னும் வேணுமா இசோக்கா?” என்று கேட்டாள் கினு. நான் வேண்டாம் என்றேன். அவள் ஊற்றிவிட்டாள்.

அதற்கப்புறம் கிழக்கேயிருந்து குளிர்காற்று வீசத் தொடங்கியது. ஜூலை மாதத்தில் பஞ்சு வைத்த சட்டை போட்டுக்கொண்டு ஏணியில் நின்றோம். மலை ஐந்து நாள் முகம் காட்டவில்லை. விரல் விறைத்து முடிச்சு நழுவும். ஒருவருக்கொருவர் எரிந்து விழுந்தோம். கினு ஒரு மரத்தை முடிக்காமலே அடுத்த மரத்துக்கு ஏணியைத் தூக்கிக்கொண்டு போவாள், பிறகு திரும்பி வருவாள். அவள் அப்படி வேலை செய்து நான் பார்த்ததே இல்லை. தெய்ஜி விடிவதற்கு முன் மருந்துத் தொட்டியைச் சுமந்துகொண்டு போய்விடுவான். இரண்டு பேரும் ஒரே வரிசை மரத்தில் நிற்காதபடி பார்த்துக்கொண்டார்கள். அவள் சோறு கொண்டு போனால் அவன் கிணற்றடிக்குப் போவான். அவன் குளித்து வந்தால் அவள் கொல்லைக்குப் போவாள். ஒரே வீட்டில் இரண்டு பூனைகள் மாதிரி.

ஒருநாள் காலையில் தபால்காரர் தோட்டத்து வழியாக வந்தார். வீடு வரைக்கும் ஏற அவருக்குச் சோம்பல். கீழ் வரிசையில் நான் நின்றேன். “தெய்ஜிகிட்ட குடுத்துடும்மா. வாரம் தவறாம வருது, என் சைக்கிளே கடல் தாண்டி ஹகோதாதே வரைக்கும் வழி கத்துக்கும் போல” என்று ஒரு கடிதத்தை நீட்டினார். எனக்கு நிறையப் படிக்கத் தெரியாது. அனுப்பியவர் பெயரை மட்டும் எழுத்துக் கூட்டினேன். மிசாவோ. பெண் பெயர்.

அன்று சாயங்காலம் கிணற்றடியில் தெய்ஜியிடம் கொடுத்தேன். அவன் முகம் சிவந்துவிட்டது.

“இசோக்கா, வீட்டுல யாருக்கும்...”

“யாருடா இது?”

“முகாம்ல என்கூட இருந்தவனோட தங்கச்சி. அவன் மேல மரம் விழுந்து ஒரு கால் போச்சு. நான்தான் அவனை முதுகுல சுமந்துக்கிட்டு வந்தேன். கப்பல் இறங்கி, இங்க வர்றதுக்கு முந்தி அவனை ஹகோதாதேயில விட்டுட்டு வந்தேன். துறைமுகத்துகிட்ட சின்னதா ஒரு சாப்பாட்டுக் கடை வெச்சிருக்காங்க. பத்து நாள் அங்க தங்கினேன்.”

“பத்து நாள்தானா?”

“பத்து நாள்தான்” என்றான். “அங்க எனக்குத் தூக்கம் வந்துச்சுக்கா. இங்க வரல. இந்த மரத்து வாசனை... ரம்பம் எடுத்தா கை நடுங்குது. அப்பாவுக்கு இழுத்துக்கிட்டு நடுங்குது, எனக்குச் சும்மாவே நடுங்குது.”

நான் யாரிடமும் சொல்ல மாட்டேன் என்றேன். இரண்டு நாள் சொல்லவில்லை. மூன்றாம் நாள் கினுவிடம் சொல்லிவிட்டேன். தப்புத்தான். ஆனால் இரண்டு பேரும் கண்ணைக் கட்டிக்கொண்டு ஒரே குழியை நோக்கி நடப்பதை நான் ஏணியில் நின்று எத்தனை நாள் பார்த்துக்கொண்டிருப்பது?

கேட்டுவிட்டு கினு அந்தக் கிளை முழுவதும் பை கட்டி முடித்தாள். பிறகு, “பேரு நல்லா இருக்கு” என்றாள். அவ்வளவுதான்.

மறுநாள் மழை. ஈர இலையில் காகிதப் பை கிழிந்துபோகும், அதனால் வேலை கிடையாது. கினு எண்ணெய்க் காகிதக் குடையை எடுத்துக்கொண்டு, “கொஞ்சம் கூட வாங்கக்கா” என்றாள். எங்கே என்று சொல்லவில்லை. சேற்றில் முக்கால் மணி நேரம் நடந்தபிறகுதான் கிராம அலுவலகம் என்று தெரிந்தது.

அங்கே மூக்குக் கண்ணாடி போட்ட ஒரு குமாஸ்தா இருந்தார். இளைஞர். கினு அவர் முன்னால் நின்று, பள்ளிக்கூடத்தில் பாடம் ஒப்பிப்பது போல ஒரே மூச்சில் கேட்டாள்.

“புருஷன் செத்துட்டான். புருஷன் வீட்டை விட்டுப் போனா பொண்ணு யாருக்கு?”

குமாஸ்தா பேனாவைக் கீழே வைத்தார். “உங்களுக்குத்தான். சட்டம் மாறி ஒண்ணரை வருஷம் ஆச்சேம்மா. கேள்விப்படலையா? இப்ப வீட்டுத் தலைவர்னு ஒருத்தர் கிடையாது. அப்பா இல்லாட்டி அம்மாவோட பொறுப்புத்தான் குழந்தை.”

“மாமா ஒத்துக்கணுமா?”

“வேணாம். புருஷன் வீட்டு உறவை முடிச்சுக்கிறேன்னு ஒரு தாள்ல எழுதிக் குடுத்தாப் போதும். அவங்களுக்குச் சொல்லக்கூட வேணாம்.”

“சொல்லக்கூட வேணாமா?” கினு என்னைத் திரும்பிப் பார்த்தாள். முகத்தில் சந்தோஷம் இல்லை. பயந்துபோயிருந்தாள். பத்து வருஷம் ஒரு கதவைப் பூட்டு என்று நினைத்துத் தொடாமல் இருந்துவிட்டு, தொட்டவுடன் அது அகலத் திறந்துகொண்டால் யாருக்கும் அப்படித்தான் இருக்கும்.

“இந்தத் தாளை யாராவது வாங்கியிருக்காங்களா?” என்று நான் கேட்டேன்.

“இந்த ஆபீஸ்லயா?” குமாஸ்தா அலமாரியில் தேடி, தூசியைத் தட்டி ஒன்றை எடுத்தார். “இவங்கதான் முதல் ஆள். எப்படி நிரப்புறதுன்னு நானும் படிச்சுப் பார்க்கணும்.”

கினு அதை நாலாக மடித்துச் சட்டைக்குள் வைத்துக்கொண்டாள். திரும்பி வரும்போது குடையை என் பக்கமே பிடித்திருந்தாள், அவள் பாதி நனைந்துவிட்டாள்.

அன்று சாயங்காலம் தண்ணீர் காய வைத்தார்கள். கினுவும் நானும் சேர்ந்து குளித்தோம். அவள் என் முதுகைத் தேய்த்தாள்.

“போயிடுவியா?” என்றேன்.

“எங்கக்கா போறது? அம்மா வீட்டுல அண்ணன், அண்ணன் பொண்டாட்டி, அஞ்சு பிள்ளைங்க. ரெண்டு நாள் விருந்தாளி, மூணாம் நாள் வேலைக்காரி. இங்க ஒவ்வொரு மரமும் எனக்குத் தெரியும். அவங்க ரெண்டு பேரும் சண்டைக்குப் போனப்புறம் கிளை கழிச்சது, மருந்தடிச்சது, பூவுக்குப் பூ மகரந்தம் தடவினது எல்லாம் நானும் மாமாவுந்தான். எந்த மரம் ஒரு வருஷம் விட்டுக் காய்க்கும்னு தமோத்சுக்குத் தெரியாது, எனக்குத் தெரியும்.”

“அப்ப தெய்ஜியைக் கட்டிக்க வேண்டியதுதானே?”

தேய்க்கிற கை நின்றது. அவள் முகம் எனக்குத் தெரியவில்லை.

“உங்ககிட்ட சொல்றதுக்கென்ன? அத்தை சொன்ன அன்னிக்கு எனக்குக் கோவம் வரலக்கா. அதுதான் எனக்கே வெக்கமா இருந்துச்சு. ஆறு வருஷம் ஆச்சு, பக்கத்துல ஒருத்தர் மூச்சுவிடுற சத்தம் கேட்டு. அவன் மருந்துத் தொட்டியைத் தூக்குறப்ப தோளைப் பார்த்திருக்கேன். இல்லேன்னு சொன்னாப் பொய். அன்னிக்கு அந்த மரத்தடியில அவன் ஒரே ஒரு தடவை திரும்பி என் மூஞ்சியைப் பார்த்திருந்தான்னா சரின்னு சொல்லியிருப்பேன்.”

நான் தண்ணீர் மொண்டேன்.

“அவன் பார்க்கல. இப்ப ஏன்னு தெரிஞ்சுபோச்சு. தண்ணியை ஊத்துங்கக்கா, ஆறுது.”

மறுநாளும் தூறல் விடவில்லை. பைகள் அடுக்கியிருந்த கிடங்கில் உட்கார்ந்து நான் நார் பிரித்துக்கொண்டிருந்தேன். தெய்ஜி உள்ளே வந்தான். பின்னாலேயே கினு வந்து கதவை மறித்துக்கொண்டு நின்றாள். நான் எழுந்தேன்.

“நீங்க இருங்கக்கா. ரகசியம் ஒண்ணுமில்ல” என்றாள். பிறகு அவனிடம், “ஹகோதாதேக்கு எப்பப் போறே?” என்று கேட்டாள்.

தெய்ஜி என்னைப் பார்த்தான். நான் நாரைப் பார்த்தேன்.

“நான் போகல அண்ணி. அப்பா சொன்னபடி செய்யிறேன். நீங்களும் நத்சுவும் தெருவுல நிக்கக் கூடாது.”

“ஓ. எனக்காகக் கட்டிக்கிறியா?”

“அண்ணன் போறப்ப என்கிட்டதான் சொல்லிட்டுப் போனான். அண்ணியைப் பார்த்துக்கோன்னு.”

“பார்த்துக்கோன்னுதானே சொன்னான்? நீதான் இந்தப் பக்கமே பார்க்க மாட்டேங்கிறியே” என்றாள் கினு. அவள் சிரித்தாள். அவனுக்குச் சிரிப்பு வரவில்லை. “கேளுடா. என் மேல பரிதாபப்பட்டு ஒருத்தன் பக்கத்துல படுக்கிறதை என்னால தாங்க முடியாது. நாப்பது வருஷம் அதோட எப்படி இருக்கிறது? நீ போ.”

“அப்பா?”

“அப்பாகிட்டச் சொல்லிட்டுப் போ.”

“என்னால முடியாது. நாளன்னிக்கு விடியக்காலை ரயில்ல சத்தமில்லாமப் போயிடுறேன். அப்புறம் கடுதாசி எழுதறேன்.”

“சைபீரியாவுல துப்பாக்கி வெச்சவன் முன்னாடி நின்னே. கை நடுங்குற கெழவன் முன்னாடி நிக்க முடியாதா?”

“துப்பாக்கிக்காரன் என்னைப் பெத்தவன் இல்லையே” என்றான் தெய்ஜி.

கினு கதவில் சாய்ந்துகொண்டாள். பிறகு நிதானமாகச் சொன்னாள். “ஓடிப்போறவனுக்கு நான் சோறு கட்டித் தர மாட்டேன். சொல்லிட்டுப் போறவனுக்குத் தருவேன். நீ ஓடிப்போனா அவர் வாசலைப் பார்த்துக்கிட்டே உக்காந்திருப்பாரு. ஏற்கெனவே ஒரு பிள்ளைக்கு அப்படி உக்காந்திருக்காரு.”

அதற்கு மறுநாள் வானம் வெளுத்தது. இரண்டு நாள் வேலை மிச்சம். தோமெ அத்தை மறுபடி வந்தாள், இந்தத் தடவை துணியில் சுற்றிய கறுப்புக் கல்யாணக் கிமோனோவோடு. அவளுடையதுதான், கினுவுக்கு இரவல். மத்தியானச் சாப்பாட்டு நேரம். மரத்தடியில் அதை விரித்துக் காட்டிக்கொண்டிருந்தாள். “மூணாம் தேதி நல்ல நாள். அஞ்சாறு பேரைக் கூப்பிட்டாப் போதும். ரெண்டாம் கல்யாணத்துக்கு யாரும் கோவிச்சுக்க மாட்டாங்க.”

தெய்ஜி சாப்பிட இறங்கவில்லை. ஏணி உச்சியிலேயே நின்றான்.

“டேய், இறங்கி வா. மூணாம் தேதின்னு அத்தை சொல்றா, காதுல விழுதா?” என்று யசாகு கத்தினார்.

“விழுது அப்பா. அதுக்கு முந்தி நான் போயிடுவேன்.”

“எங்கே போவே?”

“ஹகோதாதேக்கு. அங்க ஒரு பொண்ணு இருக்கா. அவளைக் கட்டிக்கப் போறேன். அண்ணி எனக்கு அண்ணிதான் அப்பா. வேற மாதிரி என்னால முடியாது.”

ஏணி நடுங்கியதில் இலைகள் சலசலத்தன. மொயோகூட வாயில் இருந்த சோற்றை விழுங்காமல் உட்கார்ந்திருந்தாள்.

யசாகு எழுந்தார். ஏணியின் காலை இடது கையால் பிடித்தார். உலுக்கப் போகிறாரோ என்று நான் பதறிவிட்டேன். அவர் மேலே பார்த்துக் கேட்டார். “அப்படின்னா சைபீரியாவுலேருந்து நீ எதுக்குடா திரும்பி வந்தே?”

சொன்னபிறகுதான் என்ன சொன்னோம் என்று அவருக்கே தெரிந்தது. வாய் திறந்தபடியே நின்றது.

“அதுதான் எனக்கும் தெரியலப்பா” என்றான் தெய்ஜி. கோபமே இல்லாமல் சொன்னான். “திரும்பி வரணும்னு மட்டும் இருந்துச்சு. வந்தப்புறம் என்ன பண்றதுன்னு யோசிக்கல.”

தோமெ அத்தை கிமோனோவைச் சுருட்டிக்கொண்டு கினு மேல் பாய்ந்தாள். “உன் வேலைதானே? நீதானே மூட்டிவிட்டே?”

“ஆமாம். சொல்லிட்டுப் போன்னு நான்தான் சொன்னேன்.”

“அவன் போனா இந்த வீட்டுல உனக்கு என்ன வேலை? கட்டு மூட்டையை. நத்சுவை விட்டுட்டு நடையைக் கட்டு!”

கினு கையைத் துடைத்துக்கொண்டு சட்டைக்குள்ளிருந்து தாளை எடுத்து விரித்தாள். மடிப்பில் வியர்வை ஊறியிருந்தது. அத்தைக்குக் காட்டவில்லை, யசாகு முன்னால் தரையில் வைத்தாள்.

“மாமா, இது ஆபீஸ்ல வாங்கினது. இதை எழுதிக் குடுத்தா இன்னிக்கே உங்களுக்கும் எனக்கும் உறவு இல்ல. நத்சு என்கூட வருவா. சட்டம் அப்படித்தான் சொல்லுது. நான் இன்னும் எழுதல. நான் போறேன்னு சொல்லல. இந்த மரங்களை விட்டுட்டு எனக்கு எங்கயும் போகப் பிடிக்கல. ஆனா போக்கிடம் இல்லாதவன்னு என்னை வெச்சுக்கிட்டு, இவனைக் கட்டு அவனைக் கட்டுன்னா இருக்க மாட்டேன். உங்க மகளா இருக்கச் சொன்னா இருக்கேன்.”

யசாகு தாளைப் பார்த்தார். குனிந்து எடுக்க முயன்றார். வலது கைதான் முதலில் நீண்டது. விரலில் தாள் சிக்கவில்லை. இரண்டு தடவை முயன்றுவிட்டு விட்டுவிட்டார். யாரும் எடுத்துக் கொடுக்கவில்லை. அவர் மேட்டில் ஏறி வீட்டுக்குப் போய்விட்டார். காற்றில் தாள் புரண்டது. கினு அதை மிதித்துப் பிடித்து, எடுத்து மடித்துக்கொண்டாள்.

“சோறு ஆறுது. சாப்பிட்டுட்டு ஏறுங்க. இன்னும் பதினாலு மரம் இருக்கு” என்றாள் எங்களைப் பார்த்து.

மறுநாள் விடியற்காலை தெய்ஜி புறப்பட்டான். நான் கொண்டுபோன கடற்பாசியில் சுற்றி கினு ஆறு சோற்று உருண்டை கட்டினாள். கிழங்கு கலக்காத வெறும் அரிசிச் சோறு. அவன் அண்ணன் படத்துக்கு முன்னால் மணியை ஒரு தட்டுத் தட்டிவிட்டு, அப்பாவின் அறைக் கதவுக்கு வெளியே கை ஊன்றித் தலை தாழ்த்தினான். கதவு திறக்கவில்லை. உள்ளே இருமல் சத்தம் மட்டும் கேட்டது. கிளம்புகிறவன் காதில் விழட்டும் என்று இருமினாரோ என்னவோ. வாசலில் தெய்ஜி திரும்பி, கினுவை நேராகப் பார்த்தான். அந்த வீட்டில் அவன் அப்படிப் பார்த்தது எனக்குத் தெரிந்து அன்றைக்குத்தான். அவள் “போடா, ரயில் போயிடும்” என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டாள். சமையல்கட்டில் தண்ணீரைக் கொட்டிக் கொட்டி ஒரே பானையை வெகுநேரம் தேய்த்தாள்.

பிறகு இரண்டு நாள் யசாகு கினுவோடு பேசவில்லை. எல்லாம் குழந்தை வழியாகத்தான்.

“நத்சு, உப்பு கம்மின்னு உங்க அம்மாகிட்டச் சொல்லு.”

“நத்சு, கை இழுத்துக்கிட்டவங்களுக்கு உப்பு ஆகாதுன்னு தாத்தாகிட்டச் சொல்லு.”

நத்சு நடுவில் உட்கார்ந்து இரண்டு பக்கமும் தலையைத் திருப்பித் திருப்பிச் சலித்துப் போனாள். “நீங்க பக்கத்துல பக்கத்துலதானே உக்காந்திருக்கீங்க?” என்றாள். மொயோவுக்கு விக்கிக்கொண்டது.

பை கட்டி முடித்தோம். எங்கள் கணக்கு தீர்ந்து, அன்று மாலை ரயிலுக்குப் புறப்பட இருந்தோம். படுக்கையைச் சுருட்டிக்கொண்டிருந்தேன். கினு பாத்திரம் கழுவிக்கொண்டிருந்தாள். யசாகு அவளுக்குப் பின்னால் வந்து நின்றார்.

“நீ போ” என்றார்.

கினுவின் கை தண்ணீரிலேயே நின்றுவிட்டது. அவள் எழுந்து, ஈரக் கையோடு அவர் முகத்தைப் பார்த்தாள்.

“எங்கே மாமா?”

“கோயில் மண்டபத்துல கூட்டம். மருந்தடிக்கிற எந்திரம் ஊருக்குப் பொதுவா வந்திருக்காம். யார் தோட்டத்துக்கு எப்பன்னு முறை போடறாங்க. வீட்டுக்கு ஒரு ஆள் வரணும்னு சொல்லிவிட்டாங்க. நான் போனா இந்தக் கையைப் பார்த்துட்டுக் கடைசி முறை குடுத்துடுவானுங்க.” கொல்லைப் பக்கம் பார்த்துக்கொண்டே பேசினார். “வடக்குப் பக்கத்து மரங்களுக்கு முதல்லன்னு கேளு. விட்டுக் குடுத்துட்டு வந்து நிக்காதே.”

ரயில் நிலையத்துக்குப் போகிற வழியில்தான் கோயில். கினு வேலைக் கால்சட்டையோடே கிளம்பி எங்களோடு நடந்தாள். மண்டபத்து வாசலில் இருபது இருபத்தைந்து ஜோடி ஆண் செருப்பு கிடந்தது. அவள் தன் செருப்பைக் கழற்றி, ஓரமாக வைக்கப் போனவள், நடுவிலேயே வைத்துவிட்டு உள்ளே போனாள்.

புழுக்கமாக இருந்ததால் கதவுகளைத் திறந்து வைத்திருந்தார்கள். நான் மூட்டையை இறக்கிவிட்டு வேலியோரம் நின்றேன். “ரயிலு” என்று மொயோ என் சட்டையைப் பிடித்து இழுத்தாள். “இருடி” என்றேன்.

கினு ஆண்களுக்கு நடுவில் உட்கார்ந்ததும் பேச்சு அடங்கியது. யாரோ, “தேநீர் ஊத்த ஆள் வந்தாச்சு” என்றான். நாலு பேர் சிரித்தார்கள். எழுதிக்கொண்டிருந்தவர் மட்டும் நிமிர்ந்து கேட்டார்.

“சோமா வீட்டுலேருந்து யாரு?”

“நான்தான்.”

“பெரியவர் வரலையா?”

“என்னைத்தான் அனுப்பினாரு. எங்களுக்கு முதல் முறை வேணும்.”

“எல்லாருக்குந்தான் முதல் முறை வேணும்” என்று ஒருவன் குரல் எழுப்பினான். “உங்களுக்கு மட்டும் என்ன தனியா? மலையடிவாரத்துல நாங்க இல்லையா?”

“உங்க மரத்துல இலை இன்னும் பச்சையா இருக்கு. எங்க தெற்குப் பக்கத்துல புள்ளி விழுந்து மூணு நாளாச்சு. அதை விட்டா அடுத்தது உங்க வேலியைத்தான் தாண்டும். தெற்குப் பக்கத்துக்கு முதல்ல அடிச்சுடுங்க. வடக்குப் பக்கம் பத்து நாள் தாங்கும், அதைக் கடைசியில வெச்சுக்கிறேன்.”

“பெரியவர் வடக்குன்னு சொன்னாரே” என்றாள் மொயோ என் காதில்.

“அவருக்கு இப்ப மரமேறிப் பார்க்க முடியுமா? இவதானே பார்க்கிறா” என்றேன்.

உள்ளே இரண்டு மூன்று பேர் ஒரே நேரத்தில் கத்தத் தொடங்கினார்கள். கினுவும் கத்தினாள். ஒன்பது வருஷத்தில் அவள் குரல் அவ்வளவு உயர்ந்து நான் கேட்டதில்லை. தூரத்தில் ரயிலின் ஊதல் கேட்டது. மூட்டையைத் தூக்கிக்கொண்டு நாங்கள் ஓடினோம். பாலத்தைத் தாண்டும் வரைக்கும் அவள் குரல் எனக்குக் கேட்டது. “தெற்குன்னா தெற்குதான்.”